இரும்புக்கு அந்தப் பக்கம் தாஸு

போன மாதம் ஒரகடத்தில் ஒரு கம்பெனியில் பாதுகாப்பு வார விழா என்று சொல்லி என்னைக் கூப்பிட்டுப் போனார்கள். வீட்டு வாசலுக்கே கார் வந்தது. பொன்னாடை போட்டார்கள், கையில் பூங்கொத்தைத் திணித்தார்கள். பெரிய மெஷின்களை இறக்கி நிறுத்தும் வேலை செய்கிறவர்கள் எதிரே தலையில் மஞ்சள் தொப்பியோடு வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். ஒவ்வொருவர் தோளிலும் ஒரு வாக்கி டாக்கி. நான் ஏதோ பேசி முடித்ததும் அவர்களில் ஒருவர் எழுந்து கேட்டார். "ஐயா, இந்த வாக்கி டாக்கி இல்லாத காலத்துல மெஷினுக்கு அந்தப் பக்கம் இருக்கறவர்கிட்ட எப்படிப் பேசுவீங்க?"

"கத்துவோம்" என்றேன். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். கைதட்டல்கூடக் கிடைத்தது.

திரும்பி வரும்போது கார் படப்பையைத் தாண்டியதும் வண்டியை ஓரமாக விடச் சொல்லி, கீழே இறங்கி உட்கார்ந்துவிட்டேன். டிரைவர் தம்பி பயந்துபோய்த் தண்ணீர் பாட்டிலை நீட்டினார். அந்தக் கேள்விக்கு முழுப் பதில் கத்துவோம் என்பது இல்லை. முழுப் பதிலை மேடையில் நின்று சொல்ல முடியாது. அதனால் உட்கார்ந்து எழுதுகிறேன்.

எனக்கு மணிமங்கலம். ஏரிப் பாசனத்தில் கொஞ்சம் நிலம் இருந்தது. அதில் அண்ணன்மார்கள் வேலை செய்ததுபோக எனக்கு மிச்சம் இருந்தது வரப்பு மட்டும்தான். அறுபதுகளின் கடைசியில் மெட்ராஸ் காண்டிராக்டர் ஒருவரிடம் கனச் சாமான் தூக்கி இறக்கும் கலாசி வேலைக்குச் சேர்ந்தேன். முதல் சில வருஷங்களை விரித்து எழுத ஒன்றுமில்லை. கட்டை சுமந்தேன், கிரீஸ் தடவினேன், திட்டு வாங்கினேன். தோள் காய்த்துப் போனது. அதன்பிறகு என்னை ஜாக்கியில் உட்கார வைத்தார்கள்.

வேலை இதுதான். துறைமுகத்திலிருந்து டிரெய்லரில் வரும் மெஷினை இறக்கி, ஷெட்டுக்குள் கொண்டுபோய், அதற்கென்று கட்டிய மேடைமேல் உட்கார வைக்க வேண்டும். அப்போதெல்லாம் இந்தப் பக்கத்தில் கிரேனைக் கண்ணால் பார்ப்பதே அபூர்வம். வந்தாலும் ஷெட் கூரைக்குக் கீழே நுழையாது. ஆகவே ஜாக்கி, ரயில்வே கட்டை, இரும்பு உருளை, கடப்பாரை, பத்து ஆட்கள். மெஷினுக்கு அடியில் இரண்டு பக்கமும் ஜாக்கி வைத்துக் கொஞ்சம் தூக்குவோம். தூக்கிய இடைவெளியில் உடனே கட்டையைச் செருகுவோம். மறுபடி தூக்குவோம், மறுபடி செருகுவோம். போதுமான உயரம் வந்ததும் உருளைகளைப் போட்டு அதன்மேல் இறக்கி, கடப்பாரையால் நெம்பி நெம்பி நகர்த்துவோம். இரண்டு ஜாக்கியும் சேர்ந்தே ஏற வேண்டும். இந்தப் பக்கம் ஓர் அமுக்கு என்றால் அந்தப் பக்கமும் ஓர் அமுக்கு. ஒரு பக்கம் கூடிப்போனால் மெஷின் சாயும். சாய ஆரம்பித்த இரும்பிடம் யாரும் நியாயம் பேச முடியாது.

சேர்ந்து அமுக்குவதற்குத்தான் பாட்டு. எங்கள் கூட்டத்தில் கன்னியப்பன் என்று ஒருவன், அவன்தான் பாட்டை எடுத்துக் கொடுப்பான். சொந்தச் சரக்கு, அந்த நேரத்துக்கு வாயில் வருவது.

"இரும்பு மாமா எழுந்துக்கய்யா!"

"ஐலசா!"

"சாம்பாரு ஆறுது எழுந்துக்கய்யா!"

"ஐலசா!"

நாங்கள் 'ஐலசா' போடும்போது இரண்டு ஜாக்கிக் கைப்பிடியும் ஒன்றாக இறங்கும். பாட்டு இருந்தால் நாற்பது டன்னும் கொஞ்சம் மனசு வைத்து எழுந்திருப்பதாகவே எனக்குப் படும்.

எங்கள் மேஸ்திரியைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். மேஸ்திரி என்றாலே தொண்டை கிழியக் கத்துகிறவர் என்று நினைப்பீர்கள். இவர் பேசுவதே காதில் விழாது. வாயில் எப்போதும் வெற்றிலை. ஆனால் தூக்கு ஆரம்பிக்கும் முன் வெற்றிலையைத் துப்பிவிட்டு, ஒரு சொம்புத் தண்ணீரில் வாயை நன்றாகக் கொப்பளிப்பார். கோயிலுக்குள் போகிறவர்கூட அவ்வளவு சுத்தமாகக் கொப்பளிக்க மாட்டார். வார்த்தை குழறக் கூடாது என்பதற்காக. பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு மெஷினைச் சுற்றி வெறுங்காலோடு ஒரு நடை. தரை எங்கே அமுங்குகிறது என்று காலால் பார்ப்பார். அது முடிந்ததும் ஒவ்வொருவன் முன்னாலும் வந்து நிற்பார்.

"நீ இன்னா பண்ணப் போற?"

"ஜாக்கி மேஸ்திரி, கெழக்கால. நீங்க சொன்னதும் ஏத்துவேன்."

"நான் சொல்லலன்னா?"

"ஏத்த மாட்டேன்."

தினமும் இதே கேள்வி, இதே பதில். பொறுமை கெட்டு "அதான் தெரியுமே மேஸ்திரி" என்று நான் ஒரு தடவை சொல்லிவிட்டு அன்றைக்கு முழுக்கக் கட்டை சுமந்தேன்.

அவர் வைத்த சட்டம் ஒன்று இருந்தது. 'ஏத்து' என்று அவர் மட்டும்தான் சொல்லலாம். 'நில்லு' என்று யார் வேண்டுமானாலும் சொல்லலாம். தண்ணீர் கொண்டுவருகிற ஆள் சொன்னாலும் சரி. சொன்ன கணமே பாட்டு அறுந்துவிடும், பத்துப் பேரும் கல்லாகிவிட வேண்டும். ஏன் நிறுத்தினாய் என்று இரும்பு கட்டைமேல் உட்காரும் வரைக்கும் ஒருத்தரும் கேட்கக் கூடாது. சொன்னது தப்பாக இருந்தாலும் அவனைத் திட்டக் கூடாது. திட்டினால் அடுத்த முறை சொல்ல யோசிப்பான் என்பார் மேஸ்திரி. அதனால் அந்தச் சொல்லை நாங்கள் வேறு எதற்கும் செலவழிப்பதில்லை. யாரையாவது காத்திருக்கச் சொல்ல வேண்டும் என்றால் 'இரு' என்போம். பஸ்ஸை நிறுத்தக்கூட, கண்டக்டர் மாதிரி 'ஓல்டான்'தான். டீக்கடையில், வீட்டில், குழந்தையை அதட்டும்போதுகூட எங்கள் வாயில் 'நில்லு' வராது. என் மனைவிக்கு அது பெரிய வேடிக்கை. ஆடு பயிரில் மேய ஓடுகிறது, நான் "இரு, இரு" என்று கெஞ்சிக்கொண்டு பின்னால் ஓடுகிறேன் என்று ஊரெல்லாம் சொல்லிச் சிரிப்பாள்.

கிழக்குப் பக்கத்து ஜாக்கி நான். மேற்குப் பக்கம் தாஸு. முழுப் பெயர் அருள்தாஸ், பென்னலூர்க்காரன். என்னைவிட உயரம், என்னைவிட வாய். நடுவில் இரும்பு நிற்பதால் வேலை நேரத்தில் நாங்கள் ஒருவரை ஒருவர் பார்த்ததே கிடையாது. குரல்தான். "இன்னா மச்சான், தூங்கிட்டியா?" என்று அந்தப் பக்கத்திலிருந்து வரும். "நீ முழிச்சிக்கினு கீறியா, அத சொல்லு" என்பேன். அவன் மூச்சு வாங்குவதை வைத்தே காலையில் சாப்பிட்டானா இல்லையா என்று எனக்குத் தெரியும். கட்டின பெண்டாட்டியைக்கூட நான் அவ்வளவு கவனித்துக் கேட்டதில்லை. இதை அவளிடமே சொல்லி வாங்கிக் கட்டிக்கொண்டிருக்கிறேன்.

தாஸு எங்களிடம் வருமுன் கப்பல் பாய்லருக்குள் உட்கார்ந்து சுத்தியலால் துரு தட்டுகிற வேலையில் இருந்தவன். அந்தச் சத்தம் அவன் காதை அப்போதே அரித்திருக்க வேண்டும். எழுபதுகளின் நடுவில் அது வெளியே தெரிய ஆரம்பித்தது. எதைக் கேட்டாலும் "ஆமா" என்பான். "தாஸு, மழை வருமா?" "ஆமா." "தாஸு, உன் பேர் கன்னியப்பனா?" "ஆமா." முதலில் கிண்டல் செய்தேன். ஒரு நாள் அவன் என் உதட்டையே பார்த்துக்கொண்டு பதில் சொல்வதைக் கவனித்தேன். அதற்கப்புறம் கிண்டல் செய்யவில்லை. அவனிடம் ஒன்றும் கேட்கவும் இல்லை. அமுக்கும்போது மெஷின் அடிப்பலகையைக் காலால் தட்டுவேன். அவன் உள்ளங்கையை இரும்பில் வைத்திருப்பான், அதிர்வு அவனுக்குத் தெரியும். இது எங்கள் இரண்டு பேருக்குள் என்று நினைத்துக்கொண்டேன்.

இப்போது ஒரு பிரஸ் மெஷின் கதைக்கு வருகிறேன்.

ஸ்ரீபெரும்புதூர் சாலையில் புதிதாகக் கட்டிய ஷெட். ஐப்பசி மழை பெய்து ஓய்ந்திருந்தது. தகடு அடிக்கும் பெரிய பிரஸ் ஒன்று வந்து இறங்கியிருந்தது. மேஸ்திரி வாய் கொப்பளித்தார், வெறுங்காலோடு நடந்தார், எல்லோரையும் கேட்டார். தாஸுவும் "ஜாக்கி மேஸ்திரி, மேற்கால" என்று சரியாகத்தான் சொன்னான். தினமும் சொல்கிற பதில்தானே, காது தேவையில்லை.

பாட்டு ஆரம்பித்தது. மெஷின் நன்றாகவே ஏறியது. பாதி உயரத்தில் என் பக்கத்துக் கட்டை ஒன்றில் விரிசல் விடுகிற சத்தம் கேட்டது.

"நில்லு!" என்றேன்.

பாட்டு அறுந்தது. எல்லோரும் நின்றார்கள். நின்றார்கள் என்ற நம்பிக்கையில் விரிந்த கட்டையை உருவிவிட்டு வேறு கட்டையை வைக்க நான் கையை உள்ளே விட்டேன். கட்டை அசைந்த அதிர்வை என் கால்தட்டு என்று நினைத்தானோ என்னவோ, அந்தப் பக்கத்தில் தாஸு இன்னும் ஓர் அமுக்கு அமுக்கினான்.

மெஷின் என் பக்கமாகச் சாய்ந்தது. அதிகமில்லை. கட்டைகள் தாங்கிக்கொண்டன. ஆனால் என் வலது கைச் சுண்டு விரலின் நுனி உள்ளேயே தங்கிவிட்டது.

மேஸ்திரி ஓடி வந்தார். தலையிலிருந்த துண்டை அவிழ்த்து என் கையை இறுக்கிக் கட்டினார். திட்டவில்லை, பதறவில்லை. "மொதல்ல இரும்பு ஒக்காரட்டும்" என்று ஒரு ஆளை என்னோடு ஆஸ்பத்திரிக்கு அனுப்பிவிட்டு, மற்றவர்களை வைத்துக் கட்டையடுக்கி மெஷினைப் பத்திரமாக இறக்கினார். நான் கட்டுப் போட்டுக்கொண்டு சாயங்காலம் திரும்பி வந்தபோது எல்லோரும் தண்ணீர்த் தொட்டியருகே உட்கார்ந்திருந்தார்கள். ஒருத்தரும் வீட்டுக்குப் போகவில்லை. தாஸு மட்டும் தள்ளி, தரையைப் பார்த்துக்கொண்டு.

மேஸ்திரி கேட்டார். "தாஸுக்குக் காது கேக்கலன்னு உங்கள்ல யாருக்குத் தெரியும்?"

கன்னியப்பன்தான் ஆரம்பித்தான். "எனுக்குத் தெரியும் மேஸ்திரி. நான் பாடசொல்ல அவன் கண்ணுக்குத் தெரியறாப்பல நின்னுக்குவேன். இன்னிக்கி அந்தாண்ட தண்ணி தேங்கிக்கினு இருந்துச்சி. இந்தாண்ட நின்னுட்டேன்."

அடுத்தவன், "நான் கட்டை குடுக்கசொல்ல தோளத் தொட்டுட்டுத்தான் குடுப்பேன்" என்றான். இன்னொருவன், தாஸுவைத் திரும்பிப் பார்க்க வைக்கச் சின்னக் கல்லை எறிவானாம். நானும் காலால் தட்டுவதைச் சொன்னேன். இப்படி ஒவ்வொருவராக, கடைசி ஆள் வரைக்கும். அத்தனை பேருக்கும் தெரிந்திருந்தது. அத்தனை பேரும் தனக்கு மட்டும்தான் தெரியும் என்று பொத்திப் பொத்தி வைத்திருக்கிறோம். தெரியாமல் இருந்தவர் மேஸ்திரி மட்டும்தான்.

அவர் வெகு நேரம் வெற்றிலையை மென்றார். அப்புறம் சொன்னார்.

"ஒரு ஆள ஆளாளுக்குத் தனித்தனியா தூக்கிக்கினு இருந்துகீறீங்க. ஒருத்தனும் பக்கத்துல இருக்கறவன்கிட்ட சொல்லல. மெஷின இப்டித் தூக்குவீங்களாடா?"

தாஸு எழுந்து வந்தான். உதடுகளைப் பார்த்தே எல்லாம் புரிந்திருக்கும். "நான் போய்டறேன் மேஸ்திரி" என்றான். மேஸ்திரி அவன் முகத்துக்கு நேராகத் திரும்பி, ஒவ்வொரு வார்த்தையாக, "போன்னு நான் சொன்னப்பறம் போ" என்றார்.

காண்டிராக்டர் அவனை நிறுத்திவிடச் சொன்னதாகப் பிறகு கேள்விப்பட்டோம். மேஸ்திரி மெட்ராஸுக்குப் போய்ப் பேசிவிட்டு வந்தார். என்ன பேசினார் என்று கேட்டதற்கு, "டீ நல்லா இருந்துச்சி" என்று மட்டும் சொன்னார்.

அடுத்த வேலையிலிருந்து பாட்டு நின்றது. இனிமேல் வாயைத் திறக்கக் கூடாது, எல்லாம் கைச்சாடை என்றார் மேஸ்திரி. ஒன்பது பேர் காதையும் ஒருவன் கண்ணையும் நம்பினால் மறுபடி விரல் போகும் என்பது அவர் கணக்கு. மெஷின் மூலையில் ஒரு ஆள் சிவப்புத் துண்டோடு நிற்பான். அவன் இரண்டு பக்கத்துக்கும் தெரிவான். துண்டு இறங்கினால் அமுக்கு, தலைக்கு மேலே போனால் நிறுத்து. தாஸுவிடம் மட்டும், "பேக்டரிக்காரங்க சத்தம் போடக் கூடாதுன்னு சொல்லிட்டாங்க" என்றார். எங்களை ஒரு பார்வை பார்த்தார். நாங்களும் ஆமாம் ஆமாம் என்று தலையாட்டினோம்.

சொன்னால் நம்ப மாட்டீர்கள், அதே இரும்பு அதற்கப்புறம் கனத்தது. வேலை இழுத்துக்கொண்டே போனது. மதியத்துக்குள் தோள் விட்டுப்போகும். பாட்டில்லாமல் கன்னியப்பன் படும் பாட்டைப் பார்க்கச் சகிக்காது. உதடு தானாக அசையும், சட்டென்று பல்லைக் கடித்துக்கொள்வான். வேர்க்கடலையை வாய் நிறையப் போட்டுக்கொண்டு வேலைக்கு வர ஆரம்பித்தான். ஆனால் ஒருவன்கூட முணுமுணுக்கவில்லை. அதை இப்போது நினைத்தாலும் எனக்குப் பெருமையாக இருக்கிறது.

அடுத்த கோடையில் மறைமலை நகரில் ஒரு தொழிற்சாலைக்குப் போனோம். அதே காண்டிராக்டரின் இன்னொரு கூட்டம் அங்கே முற்றத்தில் ஒரு மோட்டாரை உருட்டிக்கொண்டிருந்தது. தாஸு கையில் டீ கிளாஸோடு அவர்களையே பார்த்தான். பத்து வாயும் ஒன்றாகத் திறக்கின்றன, ஒன்றாக மூடுகின்றன. டீ ஆறிப்போகும் வரை பார்த்தான்.

"சத்தம் போடக் கூடாதுன்றது அவங்களுக்கு இல்லியா?" என்று என்னைக் கேட்டான்.

"அது வேற காண்டிராக்டு மச்சான்."

என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தவன், "சரி" என்றான். சாயங்காலம் வரை ஒழுங்காக வேலை செய்தான். திங்கட்கிழமை வரவில்லை. அந்த வாரம் முழுக்க வரவில்லை.

மேற்குப் பக்க ஜாக்கியில் வேறு ஆளை உட்கார வைத்தார்கள். நல்ல வேலைக்காரன்தான், குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் எனக்குக் கை ஓடவில்லை. அந்தப் பக்கத்தில் யாரோ இருக்கிறார்கள் என்பது வேறு, தாஸு இருக்கிறான் என்பது வேறு. இரும்புக்கு அடியில் கையை விடுமுன் ஒவ்வொரு தடவையும் அந்தப் பக்கம் போய் எட்டிப் பார்த்துவிட்டு வந்தேன். விரலை எடுத்தவன் அவன்தான், அவன் இல்லாமல்தான் எனக்குப் பயமாக இருந்தது. இதற்கு என்ன கணக்கு என்று இன்றைக்கு வரைக்கும் எனக்கு விளங்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை பென்னலூருக்கு சைக்கிளை மிதித்தேன். அவன் மனைவி ஸ்டெல்லா கதவைத் திறந்தது. "வாங்கண்ணே. அவரு சூளையில வண்டி ஓட்டறாரு. மனுசங்ககூட வேல வேணாமாம், மாடு போதுமாம். நீங்களாச்சும் சொல்லுங்க" என்றது. கண் சிவந்திருந்தது.

செங்கல் சூளையில் மாட்டு வண்டியில் கல் ஏற்றிக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்ததும் முதலில் கேட்டது, "கை எப்டிக் கீது?" காட்டினேன். கையைப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"நீ நில்லுன்னு சொல்லிகீற. நான் அமுக்கிகீறேன்."

"உனுக்குக் கேக்கல, அமுக்கின. வா போலாம்."

"எங்க? நீங்க எல்லாரும் ஊமையாட்டம் தள்றீங்களே, அங்கியா? கன்னியப்பன் மூஞ்சிய பாத்தியாடா நீ? எனுக்குக் கேக்கலன்னா ஊருக்கே கேக்கக் கூடாதா? பாட்ட நிறுத்தினவன்னு பேர் வாங்கிக்கினு அங்க வந்து நிக்க மாட்டேன்."

"அப்ப பாடறோம். வா."

"பாடுவீங்க. நில்லுன்னா நான் இன்னா பண்றது? இன்னொருத்தன் கைய எடுக்கவா?"

அவன் முகத்தைத் திருப்பிக்கொண்டு வண்டியை ஓட்டினான். நான் பக்கத்திலேயே நடந்தேன். திரும்பிப் போய்விடலாமா என்றுகூட நினைத்தேன். மேட்டில் ஏறும்போது எதிரே வேறொரு வண்டி வந்தது. தாஸு வாயைத் திறக்கவில்லை. கையிலிருந்த கயிற்றை ஒரு இழுப்பு இழுத்தான். மாடு அப்படியே நின்றது.

நான் கயிற்றைப் பார்த்தேன். அவன் மணிக்கட்டைப் பார்த்தேன். மறுபடி கயிற்றைப் பார்த்தேன். தாஸுவுக்குக் கோபம் வந்துவிட்டது.

"இன்னாடா பாக்கற? என்னிய மாடுன்றியா?"

"ஒரு முனை என் கையிலதானடா இருக்கும்? நானும் மாடுதான்."

கொஞ்ச நேரம் முறைத்தான். அப்புறம் சிரிக்க ஆரம்பித்தான். வண்டியில் சாய்ந்துகொண்டு, கண்ணில் தண்ணீர் வரும் வரைக்கும் சிரித்தான். என்னாலும் நிறுத்த முடியவில்லை.

நாங்கள் இரண்டு பேரும் போய்ச் சொன்னபோது மேஸ்திரி உடனே சரி என்று சொல்லவில்லை. கயிற்றைத் தானே கையில் சுற்றிப் பார்த்தார். நார்க் கயிறு விறைக்கும் என்று நூல் கயிறு வாங்கி வரச் சொன்னார். கட்டைகளுக்கு நடுவே எதிலும் சிக்காமல் மெஷினுக்கு அடியில் அது போகிற வழியை அவரே வரைந்து காட்டினார். என் இடது மணிக்கட்டில் ஒரு முனை, தாஸுவின் இடது மணிக்கட்டில் மறு முனை. அமுக்குவது வலது கை. பாட்டின் ஒவ்வோர் 'ஐலசா'வுக்கும் நான் காலால் அடிப்பலகையைத் தட்டினால் அவன் அமுக்குவான். கயிறு ஒரே ஒரு சொல்லுக்கு மட்டும். யார் 'நில்லு' என்று சொன்னாலும் நான் இழுக்க வேண்டும். ஒரு வாரம் வெறும் கட்டைக் குவியலைத் தூக்க வைத்துப் பரீட்சை பார்த்தார். என் பின்னால் வந்து நின்று கிசுகிசுவென்று 'நில்லு' என்பார். நான் இழுத்ததும் அந்தப் பக்கம் ஓடி, தாஸுவின் கை எங்கே நின்றது என்று பார்ப்பார். கடைசியில் அடுத்து வந்த மெஷினுக்கு முன்னால் நின்று கன்னியப்பனிடம் திரும்பி, "பாடுடா" என்றார்.

அவனுக்கு அது போதாதா? வாயில் இருந்த வேர்க்கடலையைத் துப்பினான்.

"ஜோடி மாடு பூட்டிகீது பாரய்யா!"

"ஐலசா!"

"கெழக்கு மாடு கெழட்டு மாடு பாரய்யா!"

'ஐலசா' வரவில்லை. எல்லோருக்கும் சிரிப்பு பீறிட்டுக்கொண்டு வந்தது. சிரித்துக்கொண்டு தூக்கினால் ஆபத்து என்று மேஸ்திரியே "நில்லு" என்றார். நான் கயிற்றை இழுத்தேன். அந்தப் பக்கம் அப்படியே நின்றது. சட்டப்படி அவன் ஏன் என்று கேட்கவில்லை. மெஷின் கட்டைமேல் உட்கார்ந்த பிறகுதான் எட்டிப் பார்த்து, "இன்னாத்துக்கு நிறுத்தின?" என்றான். நான் அவன் முகத்துக்கு நேராக நின்று பாட்டு முழுவதையும் சொன்னேன். எல்லோரும் சிரித்து முடித்து டீ குடிக்கப் போன பிறகு தாஸு தனியாக நின்று சிரித்தான்.

அப்புறம் எத்தனையோ மெஷின்கள். இந்தச் சாலையில் பழைய ஷெட்டுகள் சிலவற்றில் இன்றைக்கும் ஓடுகிற இரும்பை எங்கள் கூட்டம்தான் உட்கார வைத்தது. கயிற்றில் விளையாடக் கூடாது என்று மேஸ்திரி கண்டிப்பு. விளையாடவில்லை. ஆனால் இரும்பு மேடையில் உட்கார்ந்து, மேஸ்திரி செருப்பை மாட்டிக்கொண்ட பிறகு, முடிச்சை அவிழ்க்கும் முன் அந்தப் பக்கத்திலிருந்து லேசாக ஓர் இழுப்பு வரும். நானும் ஒன்று இழுப்பேன். அதற்கு ஒரு அர்த்தமும் கிடையாது. அந்த இழுப்புக்காகத்தான் எனக்கு மனசு ஏங்குகிறது. சம்பளம், போனஸ், ஓய்வு பெற்றபோது கொடுத்த கடிகாரம் எதுவும் நினைவுக்கு வருவதில்லை. இடது மணிக்கட்டு சும்மா இருப்பது மட்டும் தெரிகிறது.

எண்பதுகளின் கடைசியில் காண்டிராக்டரின் மகன்கள் கிரேன் வாங்கினார்கள். நியாயம்தான். எங்கள் தோளும் தேய்ந்திருந்தது, விரல் போகாமல் வேலை நடந்தால் நல்லதுதானே. மேஸ்திரி அதற்கு முன்பே வயதாகி ஒதுங்கியிருந்தார். கூட்டம் கலைந்தது. எனக்கு ஒரு பேக்டரியில் ஸ்டோர் வேலை கிடைத்தது. தாஸு சூளைக்கே திரும்பிப் போனான். ஈஸ்டர், பொங்கல் என்று அவன் இருக்கும் வரை போய் வந்துகொண்டுதான் இருந்தோம். அவன் போய்ச் சேர்ந்த அன்றைக்கும் போயிருந்தேன். எனக்கு அழுகை வரவில்லை. அழ வேண்டியதை நான் முன்பே, எங்கள் கடைசி வேலை முடிந்த நாளில் அழுதுவிட்டேன் என்று தோன்றியது. அந்த நாளைச் சொல்லி முடிக்கிறேன்.

சாமான்களை ஏற்றிய லாரியில் எல்லோரும் சேர்ந்து திரும்பினோம். ஜாக்கி, உருளை எல்லாம் காலடியில் கிடந்தன. கன்னியப்பன் டிரைவரைப் பற்றி ஏதோ பாட்டுக் கட்டிக்கொண்டு வந்தான். பென்னலூர் பிரிவில் தாஸு இறங்கினான். ஒவ்வொருவர் கையையும் பிடித்தான், என் கையை மற்றவர்களைவிடக் கொஞ்சம் கூடுதலாக. "வரேன் மச்சான்" என்று சொல்லிவிட்டுச் செம்மண் பாதையில் நடக்க ஆரம்பித்தான். லாரி கிளம்பியது. அப்போது அவனுடைய சாப்பாட்டுத் தூக்குவாளி கட்டைகளுக்கு நடுவே உருளுவதைப் பார்த்தேன். தூக்கு மறுவாரம் அவன் வீடு போய்ச் சேர்ந்தது, அது பெரிய விஷயமில்லை. ஆனால் அந்த நேரத்தில் அது எனக்கு உயிர் போகிற விஷயமாகப் பட்டது.

"தாஸு, இரு!" என்று கத்தினேன். அவன் நடந்தான். "தாஸு!" என்றான் கன்னியப்பன். அவன் நடந்தான்.

எங்களுக்கு என்ன ஆனது என்று தெரியவில்லை. ஆடு பயிரில் இறங்கியபோதும் சொல்லாத சொல், பஸ் போய்விடும்போதும் சொல்லாத சொல், என் வாயிலிருந்து வந்துவிட்டது. "நில்லு!" நான் சொன்னதும் கன்னியப்பன் எழுந்து நின்றான், மற்றவர்களும் எழுந்தார்கள். ஒருவரும் எடுத்துக் கொடுக்கவில்லை, ஆனாலும் அத்தனை பேரும் ஒரே குரலில், ஒரே மூச்சில், "நில்லு!" என்று கத்தினோம். வயல்களில் இருந்தவர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். சக்கரத்துக்குள் யாரோ விழுந்துவிட்டார்கள் என்று டிரைவர் பிரேக்கை மிதித்துவிட்டார். நாங்கள் ஒருவர்மேல் ஒருவர் சரிந்தோம்.

லாரி நின்றுவிட்டது. தாஸு கையை வீசிக்கொண்டு போய்க்கொண்டே இருந்தான்.